இரண்டாம் பிரதிவாதி

என் கணவர் மேல் நானே வழக்குப் போட்டிருக்கிறேன். கேட்பவர்கள் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். எனக்குத்தானே வயிறு எரிகிறது!

மாமியார் சாவதற்கு முன் தன் வீட்டுப் பின்பக்கக் கொட்டகையை எனக்கு எழுதிக்கொடுத்தார். அங்கே நான்கு மெஷின் போட்டுத் தையல் கடை நடத்துகிறேன். முன்பக்க இடம் அவருடைய இரண்டு மகன்களுக்கும் பொது. குடியிருப்பவர் என் கணவரின் அண்ணன். நாங்கள் பெரிய ரோட்டுக்கு இந்தப் பக்கம் வாடகை வீட்டில் இருக்கிறோம். கொட்டகைக்குப் போக அந்த முன்பக்க இடத்தில் இருப்பது ஒரே ஒரு சந்து. அதற்கு அண்ணன் கம்பிக் கேட் போட்டுப் பூட்டிவிட்டார்.

"கண்ட பொம்பளைங்களும் என் வீட்டுப் பக்கம் நடமாடறது எனக்குப் பிடிக்கல," என்றார். கண்ட பெண்கள் என்றால் என்னிடம் தைப்பவர்கள். இப்போது பக்கத்து வீட்டம்மாவின் தயவில், அவர் சமையலறை வழியாகத் துணி மூட்டையோடு போகிறோம். இரண்டு பேர் வேலையை விட்டே நின்றுவிட்டார்கள். சந்து திறக்காவிட்டால் கடையை மூட வேண்டியதுதான்.

வழக்குப் போட்டு ஒரு வருஷம் வாய்தாவிலேயே ஓடியது. அப்புறம்தான் எதிர்த்தரப்பு வக்கீல் சாவகாசமாக எழுந்து, சந்தில் தம்பிக்கும் பாத்தியதை உண்டு, அவரைச் சேர்க்காமல் வழக்கு செல்லாது என்றார். சரி, என்னோடு வாதியாகச் சேருங்கள் என்று கணவரிடம் கேட்டேன்.

"கூடப் பொறந்தவர் மேல நான் கேஸ் போடறதா? ஊரே காறித் துப்பும்."

"அப்ப உங்களையும் பிரதிவாதியாத்தான் போடணுமாம்."

"போட்டுக்கோ. அதுல என்ன இருக்கு?" என்று பேப்பரை விரித்துக்கொண்டார்.

மதில்மேல் பூனைகூட ஏதாவது ஒரு பக்கம் குதிக்கும். இந்த மனுஷன் மதில்மேலேயே பாய் விரித்துப் படுத்துவிட்டார்!

சம்மன் வந்தபோது அவர் வீட்டில் இல்லை. "நான் அவர் சம்சாரம்தான், குடுங்க," என்றேன். "கேஸ் போட்டவங்களே நீங்கதானேம்மா! உங்ககிட்ட எப்படித் தர்றது?" என்று நீதிமன்ற ஊழியர் திரும்பிப் போனார். மூன்று முறை இதே கூத்து. நான்காம் முறை, குளித்துக்கொண்டிருந்தவரைக் கதவைத் தட்டி வெளியே வரவழைத்து, தலையில் சோப்பு நுரையோடு கையெழுத்துப் போட வைத்தேன்.

போன வாரம் அண்ணன் தரப்பில் இன்னொரு மனு. சந்து பெரிய ரோட்டுக்கு அந்தப் பக்கம் இருக்கிறது, அது வேறு நீதிமன்றத்தின் எல்லை, இங்கே விசாரிக்க அதிகாரமே இல்லை என்று. என் வக்கீல் எங்கள் வாடகை வீட்டு விலாசத்தைப் பார்த்து இங்கே போட்டுவிட்டாராம். "சின்னத் தப்பும்மா," என்றார். ஒன்றரை வருஷம் சின்னத் தப்பா!

அந்த மனுவோடு என் கணவரின் பிரமாணப் பத்திரமும் இருந்தது. அந்தச் சந்தை யாரும் வழியாகப் பயன்படுத்தியதே இல்லை என்று அதில் கண்டிருந்தது.

மனு விசாரணைக்கு வந்தபோது நீதிபதி அம்மா கணவரைக் கூப்பிட்டார். "இது உங்க கையெழுத்தா?"

"ஆமாங்கம்மா."

"படிச்சுப் பாத்தீங்களா?"

"அண்ணன் நீட்டினார். போட்டேன்."

"உங்க சம்சாரம் கடைக்கு எந்த வழியாப் போவாங்க?"

கணவர் அண்ணனைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். "அந்தச் சந்து வழியாத்தாம்மா. பதினோரு வருஷமா. நான்தான் தினமும் வண்டியில கொண்டுபோய் விடுவேன்."

எனக்கு அழுகையே வந்துவிட்டது. "எழுதிக்கச் சொல்லுங்க சார்!" என்று வக்கீலின் கோட்டைப் பிடித்து இழுத்தேன்.

"அதிகாரம் இல்லாத கோர்ட்டுல நான் எதைப் பதிவு பண்றது?" என்றார் நீதிபதி. "உரிய கோர்ட்டுல போடுங்க. அவர் அங்க வந்து சொல்லட்டும்." வழக்குக் காகிதக் கட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள்.

வெளியே வராந்தாவில் கணவரின் கையைப் பிடித்துக்கொண்டேன். "அங்கயும் இதையே சொல்வீங்கல்ல?"

அவர் படிக்கட்டில் நின்ற அண்ணனைப் பார்த்தார். "சொல்லலாம்... எதுக்கும் அண்ணனை ஒரு வார்த்தை கேட்டுக்கறேன்."

கையை விட்டேன். வக்கீல் பக்கத்திலேயே நின்று புது வழக்குக்குப் பெயர்களைக் குறித்துக்கொண்டிருந்தார்.

"சார், இந்தத் தடவை இவரை ரெண்டாவதாப் போடாதீங்க," என்றேன். "இவர்தான் முதல் பிரதிவாதி."