மூன்றாம் வரிசை

"நீ எந்தப் பக்கம்?" என்று பக்கத்து இருக்கைப் பெண்மணி என்னிடம் டேனிஷில் கேட்டார். கேட்கும்போதும் அவருடைய கைகள் பின்னலை நிறுத்தவில்லை. சாம்பல் நிறக் கம்பளி நூலில் குழந்தைச் சட்டையின் கைபோல ஏதோ ஒன்று அவருடைய மடியில் நீண்டுகொண்டிருந்தது. மண்டபம் முழுவதும் கத்திக்கொண்டிருக்க, நான் மட்டும் ஒரு அட்டைப்பெட்டியை மடியில் அணைத்தபடி வாய்மூடி இருந்தேன். அதைப் பார்த்துத்தான் கேட்டிருக்க வேண்டும். எனக்கு டேனிஷ் விளங்கும். வாயைத் திறப்பதுதான் முடியாது. எழுந்து நின்று வாசி என்று ஆசிரியை சொல்லும் போதெல்லாம் முழு வகுப்பும் எனக்காக அன்போடு காத்திருக்கும். அந்த அன்பைத் தாங்கமுடியாமல்தான் அந்த மாரிகாலத்தோடு பள்ளிக்கூடத்தை விட்டேன். அன்றும் பேசவில்லை. பச்சைச் சட்டையோடு ஓடிக்கொண்டிருந்த கஜன் அண்ணாவை விரலால் காட்டினேன்.

"உன் அண்ணனா? என் மகன் வெள்ளைச் சட்டை. அப்படியென்றால் நாம் இரண்டு பேரும் எதிரிகள்" என்று சிரித்துவிட்டு, கைப்பையிலிருந்து ஒரு கறுப்பு இனிப்பை எடுத்து நீட்டினார். இனிப்பென்று வாயில் போட்டேன். உப்பாக இருந்தது. துப்ப வெட்கப்பட்டு விழுங்கினேன்.

அது எண்பத்தெட்டாம் ஆண்டு பங்குனி மாதம். மேற்கு ஜூட்லாந்துக் கல்லூரிகளின் கூடைப்பந்தாட்டச் சுற்றுப்போட்டியின் இறுதி ஆட்டம். எஸ்பியர்க்கிலிருந்து பஸ்ஸில் போகக்கூடிய ஒரு சின்ன ஊரின் விளையாட்டு மண்டபத்தில் நடந்தது. யாழ்ப்பாணத்தில் அண்ணா கல்லூரி அணியில் விளையாடியவர். எஸ்பியர்க்கில் படிக்கப் போன இடத்திலும் அவரை முதலில் கண்டுகொண்டது படிப்பித்தவர்கள் அல்ல, பந்துதான். அப்பா, அண்ணா, நான் என்று நாங்கள் மூன்று பேரும் டென்மார்க்குக்கு வந்து இரண்டு வருடம் முடிந்திருந்தது. அம்மா வரவில்லை. மூன்று பேருக்குத்தான் வழி கிடைத்தது. அம்மா சுன்னாகத்தில் தவமணிச் சின்னம்மாவோடு இருந்தார். எங்களுக்கு அகதி உரிமை கிடைத்த கையோடு அப்பா அம்மாவைக் கூப்பிட விண்ணப்பம் போட்டார். பதில் இல்லை. கேட்டால், பரிசீலனையில் இருக்கிறது என்றார்கள். வேறு தமிழ் வீடுகளிலும் அதே பதில்தான். பகலில் மீன் தொழிற்சாலையில் மீன் வெட்டிவிட்டு வந்து, இரவுச் சாப்பாட்டின்போது அப்பா அந்தச் சொல்லை டேனிஷில் சொல்லிப் பார்ப்பார். அவருக்கு வந்த மிக நீளமான டேனிஷ்ச் சொல் அதுதான்.

அண்ணாவின் அணி இறுதி ஆட்டத்துக்குத் தெரிவானதும் அப்பாவின் முகம் மாறியது.

"பிரதம விருந்தினர் ஆராம்?"

"அப்பா, இஞ்ச அப்பிடி ஒருத்தரும் வாறேல்லை."

"அப்ப கப்பை ஆர் குடுக்கிறது? கப் தானா நடந்து வந்து உன்ர கையில ஏறுமே?"

அண்ணா சிரித்தார். அப்பா சிரிக்கவில்லை. அவருக்கு ஒரு பழைய கணக்கு இருந்தது. கலியாணமான புதிதில் அப்பாவுக்குப் பதுளைத் தபால் கந்தோரில் வேலை, அம்மா சுன்னாகத்தில். எத்தனையோ தடவை இடமாற்றம் கேட்டும் நடக்கவில்லை. ஒருமுறை லீவில் ஊருக்கு வந்தபோது கல்லூரி விளையாட்டுப் போட்டிக்கு ஒரு பிரதியமைச்சர் வந்தார். பழைய மாணவன் என்ற முறையில் மாலை போடும் வேலை அப்பாவுக்குக் கிடைத்தது. மாலையைப் போட்டுவிட்டுக் காதோடு சொன்னாராம்: "ஐயா, கலியாணம் கட்டி ஆறு மாசம். மனுசி இஞ்ச, நான் பதுளையில." பிரதியமைச்சர் விழுந்து விழுந்து சிரித்தாராம். அடுத்த மாதமே அப்பா சுன்னாகம் வந்து சேர்ந்துவிட்டார். "கந்தோரில இருக்கிற மனுசன் வேற, சபையில மாலையோட நிக்கிற மனுசன் வேற" என்பார் அப்பா. "மாலை விழுந்த கழுத்து இல்லையெண்டு ஆடாது."

மாலை கட்டியது நான். பூக்கடையில் வெள்ளையும் மஞ்சளுமாகச் செவ்வந்தி வாங்கினோம். அத்தனை பூவைக் கேட்டதும் கடைக்காரி குரலைத் தாழ்த்தி, "யார் தவறிப்போனது?" என்றாள். அப்பாவுக்கு விளங்கவில்லை. "என்னவாம்?" என்றார். "வடிவான பூவாம்" என்றேன். நூல் கோத்து முடித்து, வாடாமல் இருக்கப் பெட்டியில் போட்டுப் பல்கனிக் குளிரில் வைத்தோம். சொல்லவேண்டியதையும் அப்பா என்னிடமே தந்தார். அண்ணா களத்தில் வேர்த்து நிற்பார், எனக்குத்தான் டேனிஷ் திருத்தமாக வரும் என்பது அவருடைய எண்ணம். இரண்டு வசனம். எங்கள் அம்மா இலங்கையில் தனியாக இருக்கிறார். அவரை எங்களிடம் வரவிடுங்கள். பாத்திரம் கழுவும்போதும் சொன்னேன், உடுப்புத் தோய்க்கும்போதும் சொன்னேன். தண்ணீரைத் திறந்துவிட்டால் எனக்குக் குரல் வரும்.

பஸ்ஸில் அப்பா கோட்டும் சூட்டும் ரையுமாக நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். அண்ணா யன்னல் பக்கம் திரும்பியிருந்தார்.

"அப்பா, கெஞ்சிக் கேக்கிறன். மாலையை வெளியில எடுக்காதேங்கோ. என்ர பெடியள் எல்லாம் நிப்பாங்கள்."

"நீ வெல்லு தம்பி. மிச்சத்தை நான் பாக்கிறன்."

அந்தச் சொல்தான் அண்ணாவை அன்று முழுக்கத் துரத்தியது என்று நினைக்கிறேன். தோற்றால் கோப்பை மற்ற அணிக்குப் போகும், எங்களுக்கு அந்தப் பக்கம் போக வழியில்லை. வென்றால் மாலை வெளியே வரும். அவர் அன்று விளையாடியது போல முன்னும் விளையாடியதில்லை, பின்னும் விளையாடியதில்லை என்று அவருடைய நண்பர்கள் சொல்வார்கள். நான் பார்த்தது வேறு. பந்து கூடைக்குள் விழும் ஒவ்வொரு முறையும் அவர் புள்ளிப்பலகையைப் பார்க்கவில்லை. எங்கள் வரிசையைப் பார்த்தார்.

முடியச் சில நொடிகள் இருக்கும்போது பச்சை அணி ஒரு புள்ளி பின்னால் நின்றது. அண்ணாவை வெள்ளைச் சட்டைக்காரன் ஒருவன் இடித்து விழுத்தினான். தண்ட எறிகள் இரண்டு. மண்டபம் அப்படியே அடங்கியது. பக்கத்துப் பெண்மணியின் ஊசிகள் உரசும் சத்தம்கூட நின்றுவிட்டது. அப்பா கண்ணை மூடிக்கொண்டார். அண்ணா பந்தைத் தரையில் தட்டினார், தட்டினார், தட்டிக்கொண்டே நின்றார். முதலாவது விழுந்தது. இரண்டாவது வளையத்தில் ஏறி ஒரு சுற்றுச் சுற்றி உள்ளே விழுந்தது. "வேணுமெண்டே பிழைக்க விடுவமோ எண்டு ஒருக்கா நினைச்சனான் நிரோ" என்று பிறகொரு நாள் என்னிடம் சொன்னார். "கை கேக்கேல்லை."

பக்கத்துப் பெண்மணி என் தோளைத் தட்டி, "எதிரி வென்றுவிட்டாள்" என்று சொல்லிவிட்டு, பின்னலைச் சுருட்டிப் பையில் வைத்துக்கொண்டு, அழுதுகொண்டிருந்த மகனைத் தேடிப் படிகளில் இறங்கினார்.

கோப்பையைக் கொடுக்க ஒருவர் வந்தார். அறுபது வயதிருக்கும். மண்டபத்திலேயே அப்பாவைத் தவிர ரை கட்டியிருந்தவர் அவர் ஒருவர்தான். ஒலிவாங்கி அவருடைய கையில். அவர் கையைக் காட்டினால் பிள்ளைகள் ஒதுங்கினார்கள், கதிரைகள் நகர்ந்தன. அப்பா பெட்டியை என்னிடமிருந்து வாங்கி, மாலையை எடுத்து இரு கைகளிலும் ஏந்திக்கொண்டு இறங்கினார். நானும் பின்னால் போனேன். களத்தின் விளிம்பில் அந்த மனிதர் எங்கள் கால்களைப் பார்த்து, "சப்பாத்து!" என்றார். வெளியில் போடும் சப்பாத்தோடு மரத்தரையில் ஏறக்கூடாது. அப்பாவின் முகம் மலர்ந்தது. "பாத்தியே பிள்ளை, பெரிய ஆள்தான்" என்று சப்பாத்தைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, கோயிலுக்குள் போவதுபோலக் காலுறையோடு நடந்து போய் மாலையைப் போட்டார்.

ஒரு கணம் யாருக்கும் எதுவும் விளங்கவில்லை. பிறகு யாரோ கைதட்ட, மண்டபமே எழுந்து நின்று கைதட்டியது. அண்ணாவின் பெடியள் மூன்றுமுறை வாழ்த்தொலி எழுப்பினார்கள். அந்த மனிதரின் கண் கலங்கிவிட்டது. அப்பா என் முதுகில் கை வைத்தார். தண்ணீர் ஓடும் சத்தம் கேட்கிறது என்று நினைத்துக்கொண்டு இரண்டு வசனத்தையும் சொன்னேன். ஒரு சொல்லும் விடவில்லை. அவர் குனிந்து, கைதட்டல் சத்தத்துக்குள் காதைத் தந்து கேட்டார். கேட்டுவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டு மெதுவாகப் பதில் சொன்னார்.

"என்னவாம்? என்னவாம்?" என்றார் அப்பா.

அந்த மனிதர் சொன்னதை அண்ணாதான் தமிழில் சொன்னார். "அவருக்குப் பேர் ஹொல்கர். இந்த ஹோலைத் திறந்து பூட்டுற ஆள். பென்சனில போறாராம், அதுக்காகக் கப்பை அவரைக் கொண்டு குடுப்பிச்சவங்களாம். தன்னட்டை இந்த ஹோல்ர திறப்பு மட்டும்தான் இருக்காம் அப்பா."

அப்பா சிரித்துக்கொண்டே நின்றார். அந்தச் சிரிப்பை எங்கே வைப்பதென்று அவருக்குத் தெரியவில்லை. நாங்கள் பஸ்ஸுக்குப் போகும்போது ஹொல்கர் மாலையோடேயே கதிரைகளை அடுக்கிக்கொண்டிருந்தார்.

ஒரு கிழமை கழித்து அப்பாவோடு மீன் வெட்டும் தவராஜா அண்ணை உள்ளூர்ப் பத்திரிகையைக் கொண்டுவந்து தந்தார். "மோன்ர படம் வந்திருக்கு, ஏன் ஒருத்தருக்கும் சொல்லேல்லை" என்று சத்தம்போட்டார். அண்ணா கோப்பையோடு நிற்கும் படத்துக்குக் கீழே சின்னதாக இன்னொரு படம். மூன்றாவது வரிசையில் ஒரு பெண்மணி பின்னிக்கொண்டிருக்கிறார். பக்கத்தில் அட்டைப்பெட்டியும் என் முழங்கையும் தெரிந்தன. கீழே எழுதியிருந்ததை அண்ணா வாசித்தார். அவர் பாராளுமன்ற உறுப்பினராம். மகனின் ஆட்டத்தைப் பார்க்க வந்திருந்தாராம்.

அண்ணா அந்தப் பெண்மணிக்கு எழுதினார். உரிய இடத்தில் விசாரித்ததாகவும் பரிசீலனையில் இருப்பதாகச் சொல்கிறார்கள் என்றும் பதில் வந்தது. "கடதாசியில கேட்டா கடதாசிதான் மறுமொழி சொல்லும்" என்றார் அப்பா.

அந்த ஐப்பசியில் அம்மாவுக்கு வயிற்றுவலி வந்தது. ஊரடங்கு. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக ஒரு வாகனமும் ஓடவில்லை. விடிந்து, சின்னம்மா சைக்கிளில் ஒருவரைப் பிடித்து அனுப்பி, வாகனம் வந்து சேர்ந்தபோது தேவைப்படவில்லை. அடுத்த வருடம் அம்மா வரலாம் என்று அனுமதி வந்தது.

அப்பா யாரையும் குற்றம் சொல்லவில்லை. என்னையும் ஏசவில்லை. மீன் வாசனையோடு வருவார், குளிப்பார், சாப்பிடுவார். எப்போதாவது பாத்திரம் கழுவிக்கொண்டிருக்கும் என் பின்னால் வந்து நிற்பார்.

"அவ உன்னோட என்ன கதைச்சவ?"

"நீ எந்தப் பக்கம் எண்டு கேட்டவ அப்பா."

"ம்."

"இனிப்பும் தந்தவ."

"மூண்டாம் வரிசை" என்பார் தனக்குள். "கைக்கெட்டின தூரம். நான் ரையைப் பாத்து ஏமாந்திட்டன்." அதைச் சொல்லும்போது அவர் குரலில் அழுகை இருக்காது. தன் பொருள் எங்கே விழுந்தது என்று தெரிந்த மனிதனின் குரல் அது. ஐந்து வருடம் அந்த வரிசையில்தான் அவர் குடியிருந்தார்.

தொண்ணூற்று மூன்றாம் ஆண்டு தை மாதம் தமிழ் அகதிகளின் விண்ணப்பங்களை டேனிஷ் அரசு கையாண்டது பற்றிய 'தமிழர் வழக்கு' விசாரணையின் அறிக்கை வந்தது. தொலைக்காட்சியில் இரவும் பகலும் அதுதான், அரசாங்கமே விழுந்தது. ஓகூஸ் நகரில் வேலை செய்த அண்ணா ஒரு கட்டுப் பத்திரிகைகளோடு ரயிலேறி வந்தார். வந்த வேகத்திலேயே, கோட்டைக்கூடக் கழற்றாமல், அப்பாவின் முன்னால் உட்கார்ந்தார். அவரை அப்படிச் சந்தோசமாக நான் பார்த்து வெகு காலமாகியிருந்தது.

"அப்பா, உங்களில ஒரு பிழையும் இல்லை. வடிவாக் கேளுங்கோ. எங்கட ஆக்களின்ர பைல் ஒண்டையும் தொடவேண்டாம் எண்டு மேல இருந்து சொல்லியிருக்கினம். அந்த மட்ச்சுக்கு முதலே சொல்லிப்போட்டினம். பாராளுமன்றத்திலேயே மறைச்சிருக்கினம். அந்த மனுசி கேட்டும் அவவுக்கு உண்மையைச் சொல்லேல்லை. நீங்கள் அவவுக்கு மாலை போட்டிருந்தாலும் ஒண்டும் நடந்திராது. விளங்குதே? ஒண்டும் நடந்திராது."

அப்பா பத்திரிகையைத் தன் பக்கம் திருப்பினார். வாசிக்கத் தெரியாத பக்கத்தைக் கடைசி வரி வரைக்கும் பார்த்தார்.

"அப்ப," என்றார், "ஆருக்குப் போட்டிருக்கவேணும்?"

அண்ணா என்னைப் பார்த்தார். நான் அண்ணாவைப் பார்த்தேன். குசினியில் குழாயைத் திறந்தபடி விட்டிருந்தேன், தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. "அப்பா..." என்று அண்ணா தொடங்கினார், பிறகு பத்திரிகையின் ஓரத்தை மடிக்கவும் விரிக்கவும் தொடங்கினார்.

அப்பா எழுந்தார். கொளுவியில் இருந்த குளிர்ச்சட்டையைப் போட்டு, ஒவ்வொரு பொத்தானாகக் கழுத்துவரை பூட்டினார். வாசலில் இருந்த சப்பாத்துகளைக் குனிந்து எடுத்தார். போடவில்லை. இரண்டையும் ஒரு கையில் சேர்த்துப் பிடித்துக்கொண்டு, அன்று மாலையோடு நடந்ததுபோலக் காலுறையோடேயே கதவைத் திறந்து, எங்களுக்கு முதுகு காட்டியபடியே சாத்திவிட்டுப் போனார். வெளியே பனி கொட்டியிருந்தது. கீழே போகும் படிகளில் அவருடைய காலடிச் சத்தம் கேட்கும் என்று காத்திருந்தோம்.