எழுபத்தைந்துக்கு எண்பது

2024 ஆகஸ்ட் 12, திங்கட்கிழமை, காலை பத்தேகால் மணி. வானத்தில் மேகம் இல்லை. இருக்குமென்று யாரும் எதிர்பார்க்கவும் இல்லை. திருச்சுழியின் இலவசச் சட்ட உதவி மையத்தில், வழக்கறிஞர் கோகிலாம்பாளுக்கு எதிரே பரளச்சி கிராமத்துச் சுகப்பிரியாவும் அவள் தந்தை மருதுபாண்டியும் அமர்ந்திருந்தனர்.

கணிதப் பட்டப்படிப்பின் இறுதித் தேர்வில் சுகப்பிரியா ஒரு தாளில் தோற்றிருந்தாள். தேர்ச்சிக்கு முப்பது வேண்டும், வந்தது இருபத்தாறு. ஜூன் மாதமே மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்தாள். பல்கலைக்கழகம் அன்றிலிருந்து அதைப் பரிசீலித்துக்கொண்டே இருந்தது. அருப்புக்கோட்டை பி.எட். கல்லூரியோ அவளுக்குரிய இடத்தை மாத இறுதிவரை மட்டுமே வைத்திருக்கும்.

“நுகர்வோர் கோர்ட்டுக்குப் போலாமா மேடம்?” என்று கேட்டாள் சுகப்பிரியா.

“பரீட்சை நடத்துறது சேவைக்குள்ள வராதுன்னு சுப்ரீம் கோர்ட்டே சொல்லிருச்சும்மா. தகவல் உரிமைச் சட்டத்துல விடைத்தாள் நகல் வாங்கலாம். ஆனா அதுக்கே ஒரு மாசம் ஓடிரும். மதுரை ஹைகோர்ட்டுல ரிட் மனு போடுவோம். பொம்பளப் பிள்ளைக்கு வக்கீல் செலவு கிடையாது.”

“கோர்ட்டு பாஸ் போட்டுருமா?” என்றார் மருதுபாண்டி.

“கோர்ட்டு மார்க் போடாதுண்ணே. போட வேண்டியவுகள எழுப்பிவிடும்.”

“அப்ப மனுவுல எண்பது மார்க்குன்னு எழுதுங்க.”

“எதுக்குண்ணே?”

“வறட்சி நிவாரணத்துக்கு ரெண்டு ஏக்கர் காஞ்சா நாலுன்னுதான எழுதுறோம்? பாதிய வெட்டிட்டுத்தான் குடுப்பாக. எண்பது கேட்டாத்தான் நாப்பது வரும்.”

“அப்பா, வாய மூடிட்டு இருங்க,” என்றாள் மகள்.

அவர் மூடிக்கொண்டார். மறுநாள் யாரிடமும் சொல்லாமல் பல்கலைக்கழகத்துக்கு விரைவுத் தபாலில் சொந்தமாக ஒரு மனு அனுப்பினார்.

அடுத்த வாரம் மதுரையில் வழக்கு விசாரணைக்கு வந்தது. பல்கலைக்கழக வழக்கறிஞர் அந்த மனுவை எடுத்து வாசித்தார். “மொத்த மதிப்பெண்ணே எழுபத்தைந்துதான். மாணவியின் தந்தை எண்பது கேட்கிறார்.” நீதிமன்றம் சிரித்தது. சுகப்பிரியா தந்தையைத் திரும்பிப் பார்த்தாள். மருதுபாண்டி மின்விசிறியைப் பார்த்தார்.

“இதை என்ன செய்தீர்கள்?” என்று நீதிபதி கேட்டார்.

“மூன்றே நாளில் காரணம் காட்டி நிராகரித்து, பதிலும் அனுப்பிவிட்டோம்.” வழக்கறிஞரின் குரலில் பெருமிதம் தெரிந்தது.

“கிடைக்கவே முடியாததைக் கேட்டவருக்கு மூன்று நாளில் பதில். சட்டப்படி கேட்ட மாணவிக்கு இரண்டு மாதமாக இல்லையா?”

இம்முறை நீதிமன்றம் சிரிக்கவில்லை. இருபத்தொன்பதாம் தேதிக்குள் மறுமதிப்பீட்டை முடித்து உத்தரவை நேரில் வழங்குமாறு ஆணை பிறந்தது. வெளியே வந்ததும் கோகிலாம்பாள், “அண்ணே, இனிமே எதையும் என்கிட்ட கேக்காம அனுப்பாதீக,” என்றார். ஆனால் கோபம் குரலில் நிற்கவில்லை.

இருபத்தெட்டாம் தேதி தந்தையும் மகளும் பல்கலைக்கழகத்துக்குச் சென்றபோது உத்தரவு தயாராக இருந்தது; கையொப்பம் இல்லை. கையொப்பமிட வேண்டிய தேர்வாணையர் கூட்டத்தில் இருந்தார். இருபத்தொன்பதாம் தேதி காலையிலும் கூட்டத்தில்தான் இருந்தார். இருவரும் அவருடைய அறைவாசலிலேயே உட்கார்ந்துகொண்டனர்.

“பஸ்ஸு போயிரும்மா, நீங்க கெளம்புங்க. தபால்ல அனுப்பி வைக்கோம்,” என்றார் பிரிவு அலுவலர்.

“பரவால்ல சார், வேற பஸ்ஸு வரும்,” என்றாள் சுகப்பிரியா.

மாலை நான்கு மணிக்கு அலுவலர் தாளை நீட்டினார். அவள் அதன் அடிப்பகுதியையே பார்த்தாள்.

“மார்க்கு மேல இருக்கும்மா.”

“மொதல்ல கையெழுத்தப் பாத்துக்கிறேன் சார்.”

கையொப்பம் இருந்தது. மேலே முப்பத்தெட்டு இருந்தது.