ஐந்தாவது அழுத்தல்

பொத்தானை நான்கு முறை அழுத்திவிட்டு அவள் கையை எடுத்துக்கொண்டாள். பிரிண்டரின் ஆரஞ்சு விளக்கும் பச்சை விளக்கும் முன்போலவே மாறி மாறிச் சிமிட்டின.

"நாலுதான் ஆச்சு," என்றார் கணவர், அடுத்த அறைக் கட்டிலிலிருந்து. "அஞ்சு அழுத்தணும்."

"அஞ்சுதாங்க அழுத்தினேன்."

"எனக்குக் கேட்டுச்சு."

கேட்டிருக்கும். வேலைக்குப் போன காலமெல்லாம் அவர் லிஃப்ட் மெக்கானிக். மூடிய கதவுக்கு வெளியே நின்று காதைக் கொடுத்தே எந்த உருளை தேய்ந்திருக்கிறது என்று சொல்லிவிடுவார். உடம்பில் மற்றதெல்லாம் ஒவ்வொன்றாகக் கைவிரித்த பிறகும் காது மட்டும் அவருடன் இருந்தது.

"அந்தக் கிழட்டுப் பொட்டிய விடேன்டா," என்றாள் கட்டிலருகே உட்கார்ந்திருந்த அவருடைய அக்கா. "தெருமுனைக் கடையில குடுத்தா நிமிஷத்துல போட்டுத் தந்துடுவான்."

"கடையில போட்டா புள்ள பச்சையா வரும்க்கா. உன் பாஸ்போர்ட் போட்டோ ஞாபகம் இருக்கா?"

"ஏன், நான் இருக்கற மாதிரிதானே இருந்துச்சு?"

"அதைத்தான் நானும் சொல்றேன்."

அவர் சிரிக்கத் தொடங்கினார். சிரிப்பு பாதியில் இருமலாகிவிட்டது. அக்கா அவர் நெஞ்சைத் தடவிக்கொடுத்தபடி திட்டினாள்.

கடல் தாண்டி இருக்கும் மகனுக்குப் பெண் குழந்தை பிறந்திருந்தது. படம் முந்தின நாளே கைபேசியில் வந்துவிட்டது. ஆனால் திரையின் வெளிச்சத்தை அவர் கண் தாங்கவில்லை. முகத்தைத் திருப்பிக்கொண்டு, "குத்துது. பேப்பர்ல போட்டுக் காட்டு," என்றார். காலையில் ஊசி போட வந்த நர்ஸ், வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே அவளிடம் தணிந்த குரலில், "பாக்க வேண்டியவங்க வந்து பாத்துடட்டும்மா," என்றாள். அதைக் கேட்ட அண்ணி, அவருடைய அக்கா, அவளைச் சமையலறைக்கு இழுத்துப்போய், "பேத்தி மொகத்தப் பாக்கத்தான் உசுரக் கையில புடிச்சுட்டுக் கெடக்கான். சீக்கிரம் காட்டிடு," என்று அழுதாள்.

அண்ணி இரக்கத்தில் சொன்னதுதான். அவளுக்குள் அது வேறு விதமாக இறங்கியது. காட்டாமல் இருந்தால்? அந்தக் கேள்வியை அவள் முழுதாக யோசிக்கக்கூட இல்லை. அவளுடைய விரல்தான் யோசித்தது. காலையிலிருந்து ஒரு தடவை மூன்றோடு நின்றது, ஒரு தடவை ஆறுக்குப் போனது.

"உனக்குத் தெரியாதா என்ன?" என்றார் அவர். "நான் ஆஸ்பத்திரியில கெடந்தப்ப நீயேதானே ரீசெட் பண்ணின?"

இரண்டு அறைகளுக்கும் நடுவில் கதவு திறந்தே இருந்தது. எழுந்து போய் அவர் முகத்தைப் பார்க்கலாம். அவள் போகவில்லை. பிரிண்டர் மூடியின் மேலிருந்த தூசியைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அவர் மூச்சு விடும் சத்தம் மட்டும் வந்துகொண்டிருந்தது.

"சரி," என்றார் கடைசியில். "மொதல்லேர்ந்து சொல்றேன், கேளு."

"சொல்லுங்க."

"உள்ள ஒரு பஞ்சு இருக்கு. கழிவு மை எல்லாம் அதுலதான் எறங்கும். பஞ்ச நான் எப்பவோ மாத்திட்டேன். ஆனா அதுக்குத் தெரியாது. நெறஞ்சு போச்சு, நெறஞ்சு போச்சுன்னே கெடக்கும். நாமதான் சொல்லணும், இல்லடா, எடம் இருக்குன்னு." கொஞ்சம் நின்று மூச்சு வாங்கிக்கொண்டார். "பிளக்கப் புடுங்கி மாட்டு. ஸ்டாப்ப அமுக்கிப் புடி. புடிச்சுக்கிட்டே பவர். இப்ப ஸ்டாப்ப விடு, பவர விடாத."

"பவர விடல."

"இனி ஸ்டாப்ப அஞ்சு தடவ அழுத்து. அவசரமே இல்ல. மெதுவாப் பண்ணு. எத்தன தடவ வேணாலும் சொல்றேன்."

அவள் வேண்டுமென்றேதான் தவறவிடுகிறாள் என்று அவர் தெரிந்துகொண்டுவிட்டார்.

அந்த முறையும் அவள் நான்கோடு நிறுத்தினாள். அவர் திருத்தவில்லை. "கொஞ்சம் கண்ண மூடிக்கறேன்," என்றார். "எழுந்ததும் காட்டு."

எழுந்ததும். அந்தச் சொல் அவளை உலுக்கிவிட்டது. ஒரு மனிதன் இத்தனை ஆசைப்பட்டுக் கேட்டதை வைத்துக்கொண்டு என்ன செய்துகொண்டிருக்கிறேன் என்று தன்மேலேயே அருவருப்பு வந்தது. பிளக்கைப் பிடுங்கி மாட்டினாள். ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு, ஐந்து. பச்சை விளக்கு சிமிட்டாமல் நின்று எரிந்தது.

முதல் தாளில் குழந்தையின் முகம் செங்கல் நிறத்தில், குறுக்கே வெள்ளைக் கோடுகளோடு வந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து வந்து அவர் படுத்ததிலிருந்து யாரும் அச்சடிக்கவில்லை. நீல மை முனையிலேயே காய்ந்திருக்க வேண்டும். மை முனையைச் சுத்தம் செய்யும் கட்டளையைக் கொடுத்துவிட்டுக் காத்திருந்தாள். இயந்திரம் தன் பாட்டுக்கு முனகியது, உறிஞ்சியது, நின்றது, மறுபடி உறிஞ்சியது. அதை அவசரப்படுத்த ஒரு வழியும் இல்லை. அடுத்த தாளில் கோடுகள் மெலிந்திருந்தன. திரும்பவும் சுத்தம் செய்தாள். கைகளைத் தொடைகளுக்கு நடுவே இறுக்கிக்கொண்டு, "வந்துடு, வந்துடு," என்று அதனிடம் கெஞ்சினாள்.

வந்தது. மூடிய இமைகள், உதட்டோரத்தில் பால் துளி, குழந்தைக்கே உரிய அந்த ரோஜா நிறம். பச்சையே இல்லை.

மை ஈரமாக இருந்ததால் தாளை இரண்டு உள்ளங்கைகளிலும் ஏந்திக்கொண்டு போனாள்.

அண்ணி தம்பியின் கையைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள். அழவில்லை. "தூங்கறான்னுதான் நெனச்சேன்," என்றாள். "தூங்கறான்னுதான்டி நானும் நெனச்சுட்டிருந்தேன்."

அவள் தாளோடு நின்றாள். அதைக் கீழே வைத்தால்தான் அவரைத் தொட முடியும். எங்கே வைப்பது என்று தெரியவில்லை. பிறகு மருந்துகளை ஒதுக்கிவிட்டுக் கட்டிலருகே இருந்த சின்ன மேசையில் வைத்தாள். அவர் காதைத் தொட்டாள். இன்னும் சூடாக இருந்தது.

பக்கத்து வீட்டார் வந்தார்கள். யாரோ டாக்டருக்குச் சொல்லப் போனார்கள். மகனுக்கு அண்ணிதான் போன் போட்டு, தானே சொல்லிவிட்டு, அவள் கையில் கொடுத்தாள். வெகுநேரம் மறுமுனையில் அழுகைதான் கேட்டது.

"அம்மா," என்றான் பிறகு. "அப்பா பாப்பாவப் பாத்தாராம்மா?"

அண்ணி தலை நிமிர்ந்து அவளைப் பார்த்தாள்.

"பாத்தாருடா."

"பேப்பர்லயா?"

"பேப்பர்லதான். நல்லா வந்துச்சு. ரொம்ப நேரம் கையில வச்சுப் பாத்துட்டிருந்தாரு."

"ஏதாவது சொன்னாராம்மா?"

அவள் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

"மூக்கு உன் மூக்காம். காது மட்டும் அவரோடதுன்னாரு."

அவன் மறுபடி அழத் தொடங்கினான். அவள் போனைக் காதில் வைத்தபடியே நின்றாள்.

அண்ணி எழுந்தாள். அலமாரியில் உறையோடு இருந்த தம்பியின் மூக்குக் கண்ணாடியை எடுத்தாள். ஊதித் துடைத்தாள். மேசையிலிருந்த படத்தின் ஓரத்தில், மை படாத வெள்ளைப் பகுதியில், காதுக் கம்பிகளை விரித்துக் கண்ணாடியை வைத்தாள்.