அண்ணன் சிரித்த சிரிப்பு

தையல்காரருக்கு வாய் நீளம் என்பது தெருவுக்கே தெரியும். யாராயிருந்தாலும் முகத்துக்கு நேரே கேட்டுவிடுவார். அதனால்தான் அவர் தங்கை அவரை அரசு அலுவலகத்துக்குத் துணைக்குக் கூட்டிக்கொண்டு வந்தாள்.

விஷயம் இதுதான். தங்கையின் கணவர் இறந்துபோனார். இறப்பைப் பதிவு செய்த அலுவலகம், எந்தப் புண்ணியவானின் தூக்கக் கலக்கமோ, புருஷனை உயிரோடு விட்டுவிட்டுப் பெண்டாட்டியைச் சாகடித்துவிட்டது. அவர் வேலை பார்த்த ஆலையில் அவளுக்கு வேலை தருவதாகச் சொல்லியிருந்தார்கள். செத்தவளுக்கு எப்படித் தருவது? திங்கட்கிழமைக்குள் திருத்திக் கொண்டுவராவிட்டால் வேறு ஆளைப் போட்டுவிடுவார்களாம்.

மாதக்கணக்கில் அவளை அலையவிட்டார்கள். உயிரோடிருப்பதாக டாக்டரிடம் எழுதி வாங்கி வரச் சொன்னார்கள். வாங்கி வந்தாள். "இதுல காய்ச்சல்னுதான் போட்டிருக்கு. உயிரோட இருக்காங்கன்னு எங்க போட்டிருக்கு?" என்று திருப்பி அனுப்பினார்கள்.

"இன்னைக்கு நாக்கைப் பிடுங்கிக்கற மாதிரி நாலு கேள்வி கேக்கறேன் பாரு" என்று வழியெல்லாம் கருவிக்கொண்டே வந்தார் தையல்காரர்.

அறையில் அலமாரிகள் போக மிச்சமிருந்த இடத்தில் அதிகாரியும் அவர் மேஜையும் ஒரே ஒரு நாற்காலியும் இருந்தன. "வாங்க, உட்காருங்க" என்றார் அதிகாரி. இந்த மரியாதையைத் தையல்காரர் எதிர்பார்க்கவில்லை. தங்கை நிற்க, இவர் உட்கார்ந்தார். உட்கார்ந்ததுமே கேட்க வந்த கேள்வியெல்லாம் போன இடம் தெரியவில்லை. "சார்தான் பெரிய மனசு பண்ணணும்" என்று குழைந்தார்.

திருத்தம் கேட்கும் மனுவில் தங்கை கையெழுத்துப் போடக் குனிந்தாள். அதிகாரி இவரைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினார்.

"பாருங்க, பொணம் எவ்வளவு அழகா கையெழுத்துப் போடுது!"

தையல்காரர் சிரித்தார். பேருக்குப் பல்லைக் காட்டியிருந்தாலும் பரவாயில்லை. தொடையில் தட்டிக்கொண்டு, கண்ணில் நீர் வரச் சிரித்தார். அதிகாரிக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. முத்திரையை எடுத்து ஓங்கிக் குத்தினார். தங்கை பேனாவை மூடி மேஜைமேல் வைத்தாள்.

படியிறங்கும்போது அவமானம் அவரைப் பிடுங்கித் தின்றது. தங்கையை ஏறிட்டுப் பார்க்க முடியவில்லை.

"காரியம் ஆகணுமேன்னுதாம்மா..." என்று இழுத்தார்.

"தெரியும்ண்ணா."

கொஞ்ச தூரம் நடந்தார்கள். பிறகு அவளே நின்றாள்.

"அண்ணா, நான் நிஜமாவே செத்திருந்தா நீ அழுதிருப்பேல்ல?"

குத்திக்காட்டக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள்.