பச்சை மஞ்சள்

ஆஸ்பத்திரியில் அவளை எல்லோரும் போர்டக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். டெலிபோன் போர்டுக்கு முன்னால் இருபத்திரண்டு வருஷமாக உட்கார்ந்திருப்பவளை வேறு எப்படிக் கூப்பிடுவது? எலும்பு டாக்டரைக் கேட்டவரை அவள் ஒருநாளும் இதய டாக்டருக்கு இணைத்ததில்லை. யார் என்ன சொன்னாலும் ஒரு எழுத்து குறையாமல் குறித்துக்கொள்வாள், ஒரு எழுத்து கூடாமல் சேர்த்துவிடுவாள். அதில் அவளுக்குக் கொஞ்சம் கர்வம்கூட உண்டு. இருந்துவிட்டுப் போகட்டும், உழைத்துச் சம்பாதித்த கர்வம்தானே.

வீட்டுக்கு வந்தாலும் அதே வேலைதான் என்பது அவள் தலையெழுத்து. அவள் புருஷனும் அவள் அண்ணனும் ஒன்பது வருஷமாக முகம் கொடுத்துப் பேசுவதில்லை. பேச்சுத்தான் இல்லையே தவிர, ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்ளும் விஷயத்துக்குப் பஞ்சமே இல்லை. உறவினர் வீட்டில் ஒரே சோபாவில் உட்கார்ந்திருக்கும்போது, "உன் வீட்டுக்காரரைக் கொஞ்சம் தள்ளி உட்காரச் சொல்லும்மா" என்பார் அண்ணன். தள்ளி உட்கார்ந்த பிறகுதான் இப்படி இருக்கிறேன் என்று சொல்லச் சொல்லுவார் புருஷன். காது இரண்டு பேருக்கும் நன்றாகக் கேட்கும். ஆனாலும் அவள் நடுவில் நின்று சேர்த்தால்தான் செய்தி சேர்ந்ததாகக் கணக்கு.

இத்தனைக்கும் காரணம் ஒரு கார் பந்தயம். நிஜக் கார் என்றாலாவது மன்னிக்கலாம்.

ஆஸ்பத்திரி ஆண்டு விழாவில் குலுக்கல் முறையில் போர்டக்காவுக்கு ஒரு வீடியோ கேம் பெட்டி பரிசாக விழுந்தது. பரிசு விழுந்தது அவளுக்கு, விளையாடியது அந்த இருவரும். புருஷன் கண்ணாடிக் கடை வைத்திருப்பவர்; கண்ணைச் சோதித்து மூக்குக் கண்ணாடி மாட்டி அனுப்புவது தொழில். அண்ணன் பஸ் டிரைவர். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ஆளுக்கொரு ரிமோட்டைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தால் பொழுது சாய்ந்துதான் எழுந்திருப்பார்கள். அடுத்தவனுக்கு நல்ல வண்டி போய்விடக் கூடாதே என்று இருவரும் ஒரே மாதிரி வண்டியைத்தான் எடுப்பார்கள். அண்ணனுக்குச் சிவப்பு, கண்ணாடிக்காரருக்குப் பச்சை. பந்தயத்தில் மெஷினே ஓட்டும் வண்டிகள் இன்னும் நான்கு உண்டு, அதே ரக வண்டிகள்தான். அவற்றை இருவரும் ஒரு பொருட்டாகவே மதித்ததில்லை.

ஒன்பது வருஷத்துக்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை, கடைசிச் சுற்றின் கடைசி வளைவில், டிவி டப்பென்று உயிரை விட்டது. திரைதான் இருண்டதே ஒழிய பெட்டி ஓடிக்கொண்டிருந்தது. திரைக்குப் பக்கத்தில் தனியாக இருந்த ஸ்பீக்கரில் டயர் கிறீச்சிட்டது, கூட்டம் ஆர்ப்பரித்தது. யாரோ ஜெயித்துவிட்டார்கள். இரண்டு பேரும் ஒரே நேரத்தில் எழுந்து கையை உயர்த்தினார்கள். கண்ணாடிக்காரர் மட்டும் சுதாரித்துக்கொண்டு, கீழே இரண்டு அழுத்து, வட்டத்தில் ஒரு அழுத்து என்று மனப்பாடமாகத் தட்டி அந்தப் பந்தயத்தைப் பெட்டிக்குள் சேமித்து வைத்தார்.

அப்புறம் நடந்ததுதான் வேண்டாத பேச்சு. லைசென்ஸ் கூட இல்லாத ஆளிடம் தோற்க நான் என்ன பைத்தியமா என்றார் டிரைவர். லைசென்ஸ் இருந்து என்ன, ஸ்டாப்பிங் வந்ததாக நினைத்துப் பிரேக் போட்டீரே என்றார் கண்ணாடிக்காரர். டிரைவர் செருப்பை மாட்டிக்கொண்டு போனவர்தான், அந்த வீட்டுப் படியை மறுபடி மிதிக்கவில்லை. கண்ணாடிக்காரரும் விடாக்கண்டன், அவர் பக்கத்தில் உட்காராமல் அந்தப் படத்தைப் போட்டுப் பார்க்க மாட்டேன் என்று பெட்டியைப் பரணில் ஏற்றிவிட்டார்.

இப்போது டிரைவர் ஓய்வு பெற்று, எங்கோ தொலைவில் இருக்கும் மகள் வீட்டோடு போய்விடப் போகிறார். இனி வந்து போகிற தூரமில்லை. போகிற அன்று காலையில் தங்கைக்குப் போன் செய்தார். "நாலு மணிக்கு வர்றேம்மா. ஆறரைக்கு ரயில். அந்தப் படத்தைக் காட்டச் சொல்லு. யாரு ஜெயிச்சதுன்னு பாத்துட்டு அவர்கிட்ட பேசுறேன். காட்ட முடியலைன்னா இப்படியே கிளம்பிடுறேன்."

போனை வைத்துவிட்டுப் போர்டக்கா யோசித்துப் பார்த்தாள். இப்படியே கிளம்பிவிட்டால், சாகிறவரை அவள்தான் ஒயர். அதைவிட, ஒன்பது வருஷமாக ஞாயிற்றுக்கிழமைகளில் செய்வதற்கு ஒன்றுமில்லாமல் துடைத்த கண்ணாடியையே திரும்பத் துடைத்துக்கொண்டிருக்கும் புருஷனைப் பார்க்க அவளுக்கு ஆற்றாமையாக இருந்தது. அவரும் வாயைத் திறந்து சொல்ல மாட்டார், அழுத்தக்காரர்.

செய்தியைக் கேட்டதும் கண்ணாடிக்காரருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. பரணிலிருந்து பெட்டியை இறக்கித் தூசி தட்டி, புது டிவிக்குப் பின்னால் தலையை விட்டார். திரையில் 'சிக்னல் இல்லை' என்று வந்தது. ஒயரைக் கழற்றி வேறு துளையில் மாட்டினார். "இப்பத் தெரியுதா?" என்று உள்ளிருந்து குரல் வந்தது. "இப்ப? முன்னாடி இருந்தது தெளிவா இருக்கா, இது தெளிவா இருக்கா?" கடையில் கேட்டுக் கேட்டுப் பழகிய கேள்வி. இரண்டிலும் ஒரு மண்ணும் தெரியவில்லை என்று அவள் சொன்னாள்.

வேறு வழியில்லாமல் டிவி ரிப்பேர்காரருக்குப் போன் போட்டார்கள். முதலில் கண்ணாடிக்காரர்தான் பேசினார். பவர் இருக்கிறதா என்று ரிப்பேர்காரர் கேட்டிருக்கிறார். "எனக்கா? மைனஸ் ரெண்டரை" என்று இவர் பதில் சொன்னார். போர்டக்கா போனைப் பிடுங்கிக்கொண்டாள்.

நிலைமையை அவள் அழகாக எடுத்துச் சொன்னாள். பெட்டியில் மூன்று ஒயர்: மஞ்சள், வெள்ளை, சிவப்பு. டிவியில் ஐந்து துளை: பச்சை, நீலம், சிவப்பு, வெள்ளை, இன்னொரு சிவப்பு. மஞ்சளுக்குத் துளையே இல்லை. ரிப்பேர்காரர் யார் வீட்டு மாடியிலோ ஏணி மேல் நின்றுகொண்டிருந்தார், வாயில் ஒரு ஸ்க்ரூ வேறு. அந்த ஸ்க்ரூவோடு இரண்டே வார்த்தை சொன்னார், பிறகு எல்லாம் சரியாகிவிடும் என்றார், லைன் போய்விட்டது. திருப்பி அடித்தால் எடுக்கவில்லை. அவள் அந்த இரண்டு வார்த்தையையும் கண்ணாடிக் கடைச் சீட்டு ஒன்றின் பின்பக்கத்தில் எழுதியிருந்தாள்: பச்சை மஞ்சள்.

கண்ணாடிக்காரர் சீட்டை வாங்கிப் படித்தார். கண்ணாடியைக் கழற்றிவிட்டு இன்னொரு தடவை படித்தார். காய்ந்த மஞ்சள் இல்லையா, பச்சை மஞ்சள்தானா என்று கேட்டார். என் கையெழுத்தில் தப்பு வராது என்றாள் அவள். அவளுக்கும் உள்ளுக்குள் என்னவோ இடித்தது; ஆனால் இருபத்திரண்டு வருஷ கர்வத்தை ஒரு இடிக்காக விட்டுவிட முடியுமா? அவரோ டாக்டர் சீட்டில் எழுதியதைக் கேள்வி கேட்காமல் செய்தே பழகிய தொழில்காரர். துரு கிருமி ஏதாவது இருக்கும், மஞ்சளுக்கு அதெல்லாம் போகும் என்று தனக்குத் தானே சமாதானம் சொல்லிக்கொண்டு பையை எடுத்தார்.

காய்கறிக் கடைக்காரி எதற்கு என்று கேட்டாளாம். டிவிக்கு என்றாராம். அவள் கொஞ்சம்கூட அசராமல், எத்தனை இன்ச் என்று கேட்டு, நாற்பத்து மூன்றுக்கு இரண்டு கிழங்கு போதும் என்று பொறுக்கிக் கொடுத்தாளாம்.

வீட்டுக்கு வந்து கிழங்கை நறுக்கி, ஒயர் முனை மூன்றிலும் தேய்த்தார். துளைகளைச் சுற்றியும் ஒரு பூச்சு. பெட்டியின் ஓரத்திலும் தடவினார், எதற்கும் இருக்கட்டுமே என்று. வெள்ளை ஒயரின் தலை மஞ்சளாகிப்போனது. அவர் விரல், சட்டைக் கை, மூக்குக் கண்ணாடி எல்லாம் மஞ்சள். போட்டுப் பார்த்தார்கள். 'சிக்னல் இல்லை.' மருந்து வேலை செய்ய நேரம் பிடிக்கும், அரைமணி ஊறட்டும் என்றார் கண்ணாடிக்காரர். இரண்டு பேரும் டிவிக்கு முன்னால், ஆபரேஷன் தியேட்டருக்கு வெளியே உட்கார்ந்திருப்பவர்கள் போல உட்கார்ந்திருந்தார்கள்.

சரியாக நாலு மணிக்கு டிரைவர் வந்தார். ஒரு நிமிஷம் முன்னே பின்னே இல்லை. நாற்காலியை முன்னுக்கு இழுத்து, முதுகை நிமிர்த்தி, பஸ்ஸில் உட்காருவது போலவே உட்கார்ந்தார். கண்ணாடிக்காரரைத் தவிர அறையில் இருந்த எல்லாவற்றையும் பார்த்தார். இது என்ன வாசனை என்று தங்கையைக் கேட்டார். டிவிக்கு வைத்தியம் நடக்கிறது என்று சொல்லச் சொன்னார் கண்ணாடிக்காரர். அவள் சொன்னாள். வைத்தியரைக் கண்டால் நோயாளி மாதிரி இருக்கிறதே என்று கேட்கச் சொன்னார் டிரைவர். அவள் கேட்டாள்.

நாலரை ஆயிற்று, அஞ்சு ஆயிற்று. கண்ணாடிக்காரர் இரண்டாவது கிழங்கையும் தீர்த்துவிட்டார். திரை அசையவில்லை. டிரைவர் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு எழுந்தார். அவர் முகத்தில் கோபம்கூட இல்லை, ஏமாற்றம்தான் இருந்தது. அதைப் பார்த்தபோதுதான் போர்டக்காவுக்குத் தெரிந்தது, அவரும் இந்த ஒன்பது வருஷமாக இதற்காகத்தான் காத்திருந்திருக்கிறார் என்று.

"சிக்னலே இல்லைன்னு அதுவே சொல்லுதே, அப்புறம் என்னம்மா" என்றார் அவர், செருப்பைத் தேடியபடி. "பச்சைல போட்டாத்தான வண்டி நகரும்."

பச்சைல.

போர்டக்கா அப்படியே நின்றாள். ஸ்க்ரூவைக் கடித்துக்கொண்டு பேசிய அந்தக் குரல் அவள் காதில் மறுபடி ஓடியது. டிவியின் பின்பக்கத்தில் இருந்த ஐந்து துளைகளில் பச்சையில் மட்டும் காலையிலிருந்து யாரும் எதையும் மாட்டிப் பார்க்கவில்லை. அவர் பச்சை மஞ்சள் என்று சொல்லவில்லை. பச்சைல மஞ்சள் என்று சொன்னார்.

"ஏங்க," என்றாள் அவள் மெதுவாக, "நான் ஒரு 'ல'வை விட்டுட்டேன்."

"எங்க விட்டே?" என்று கண்ணாடிக்காரர் தரையில் குனிந்து தேட ஆரம்பித்தார்.

அவருக்கு விளக்கிக்கொண்டிருக்க நேரமில்லை. அவளே பின்னால் போனாள். இப்போது எது மஞ்சள் ஒயர், எது மஞ்சளாகிப்போன வெள்ளை ஒயர் என்று தெரியவில்லை. ஒன்றை எடுத்துப் பச்சையில் சொருகினாள், ஒன்றுமில்லை. மற்றதைச் சொருகினாள். திரை ஒரு தடவை சிமிட்டிவிட்டு வெளிச்சமாயிற்று. டிரைவர் ஒரு காலில் செருப்போடு திரும்பி வந்து உட்கார்ந்தார்.

படம் வந்தது. ஆனால் கறுப்பு வெள்ளையில் வந்தது.

கண்ணாடிக்காரர் சேமித்த பந்தயத்தைத் தேடி ஓட விட்டார். சாம்பல் நிறச் சாலையில் ஆறு சாம்பல் நிற வண்டிகள் ஓடின. இரண்டு பேரும் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தார்கள். கடைசி வளைவில் மூன்று வண்டிகள் கொத்தாக வந்தன. ஒன்று மூக்கை முன்னால் நீட்டிக் கோட்டைத் தாண்டியது. எந்த நிற மூக்கு என்று கடவுளுக்குத்தான் வெளிச்சம்.

டிரைவர் நாற்காலியைத் திருப்பினார். தங்கையைப் பார்க்கவில்லை. நேராகக் கண்ணாடிக்காரரைப் பார்த்தார்.

"யோவ் மாப்ளே, அது என் வண்டிய்யா."

கண்ணாடிக்காரர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், அது இன்னும் மஞ்சளாயிற்று. "மச்சான்," என்றார், குரல் லேசாகக் கரகரத்தது, "உங்க கண்ணைச் செக் பண்ணணும்."

அவ்வளவுதான், பிடித்துக்கொண்டது. ஒன்பது வருஷத்துக்குச் சேர்த்து வைத்துப் பேசினார்கள். வளைவில் யார் உள்பக்கம் வந்தது, யார் பிரேக் போட்டது, முன்னால் போன வண்டியின் பின்பக்கம் ஆடிய ஆட்டம் யாருடைய ஓட்டு. பந்தயத்தைத் திரும்பத் திரும்ப ஓடவிட்டார்கள். ஒவ்வொரு தடவையும் இரண்டு பேரும் ஜெயித்தார்கள்.

போர்டக்காவின் போன் அடித்தது. ரிப்பேர்காரர், ஏணியிலிருந்து இறங்கிவிட்டார், வாயில் ஸ்க்ரூவும் இல்லை. "ஒண்ணு சொல்ல மறந்துட்டேங்க. பச்சைல மாட்டினா முதல்ல கறுப்பு வெள்ளையாத்தான் வரும். ரிமோட்ல இன்புட்டை ஏ.வி.ன்னு மாத்திட்டீங்கன்னா கலர் வந்துரும்."

ரிமோட் அவள் கையில்தான் இருந்தது. எதிரே இரண்டு தலைகளும் ஒன்றையொன்று முட்டிக்கொள்கிற மாதிரி திரையை நோக்கிக் குனிந்திருந்தன. படம் நன்றாகவே தெரிகிறது, இனி ஒன்றும் செய்ய வேண்டாம் என்று சொல்லிவிட்டு வைத்தாள்.

ஐந்தே முக்காலுக்கு மச்சானின் பெட்டியை மாப்பிள்ளையே தூக்கிக்கொண்டு ஸ்டேஷனுக்குக் கிளம்பினார். தெருவில் இறங்கும்போதும் ஸ்டியரிங் பிடிக்கிற மாதிரி கையை வைத்துக்கொண்டு வளைவை விளக்கிக்கொண்டே போனார்கள். அவளிடம் சொல்லிக்கொள்ளக்கூட மறந்துவிட்டார்கள். அவளுக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன.

வீடு அமைதியாயிற்று. திரையில் பந்தயம் தானாக ஓடிக்கொண்டிருந்தது. ஒன்பது வருஷம் நடுவில் நின்றவளுக்கு அதைத் தெரிந்துகொள்ளவாவது உரிமை இல்லையா? அவள் ரிமோட்டை எடுத்து ஏ.வி.க்கு மாற்றினாள். நிறங்கள் வந்தன. கடைசி வளைவு வந்தது. சிவப்பும் பச்சையும் மூக்கோடு மூக்கு ஒட்டிக்கொண்டு, இம்மி வித்தியாசமில்லாமல் வந்தன. அவற்றுக்கு முன்னால், ஒரு முழம் தள்ளி, மெஷின் ஓட்டிய வண்டி ஒன்று கோட்டைத் தாண்டியது. அது மஞ்சள்.

ஸ்டேஷனிலிருந்து போன் வந்தது. அண்ணன்தான், பின்னாலிருந்து புருஷனின் குரலும் கேட்டது. "ஏம்மா, நீயும்தான பாத்தே. அந்த முன்னாடி போனது யாரு வண்டி மாதிரி இருந்துச்சு?"

போர்டக்கா ஒயரைப் பச்சையிலிருந்து உருவினாள். 'சிக்னல் இல்லை' என்றது திரை.

"அவரு உங்க பக்கத்துலதான நிக்கிறாரு, அண்ணே" என்றாள். "அவர்கிட்டயே கேளுங்க."