கோணிய முகத்துக்கு வெளிச்சம்

1

இந்தக் கதை என்னுடையதல்ல. ஞாயிற்றுக்கிழமை வகுப்பின் இடைவேளையில், தையற்கடை மாடிப்படியில் உட்கார்ந்து வலிக்கிற காலைப் பிடித்துவிட்டுக்கொண்டே ஒருத்தி சொன்னது. கைக்காசில் சினிமா எடுப்பது எப்படி என்று வாடகை அறைகளில் கற்றுக்கொடுப்பவள். மாணவர்களுக்கு ‘மேடம்’. அவளிடம் திரைக்கதை கற்கப் போன நான் இதை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

நான் முதலில் எழுதிய தொடக்கம்: “சினிமாவுக்காகவே பிறந்த அவள்...”

(வேண்டாம். அவள் எதற்காகவும் பிறக்கவில்லை. களைத்துவிட்டாள், அவ்வளவுதான்.)

2

எந்த ஊரில் வகுப்பெடுத்தாலும் அவளுடைய முதல் வாக்கியம் ஒன்றே: “இல்லாததுக்கு அழாதீங்க, இருக்கிறதை வச்சு எடுங்க.” மாணவர்கள் எடுத்தார்கள். சிலர் பெரிய ஆளாகி, தெருவில் அவளைக் கண்டால் போனைக் காதில் வைத்துக்கொண்டார்கள்.

அவளுடைய சொந்தப் படம் மட்டும் முடியாமல் கிடந்தது. கதாநாயகன் அவளுடைய அண்ணன்; பஸ் ஓட்டுகிறவன். அவனுக்கு லீவு கிடைத்தபோதெல்லாம் துண்டுதுண்டாக எடுத்த படம். பாக்கி ஒரே காட்சி: வேலை முடிந்து வந்தவன் ஜன்னலோரம் உட்கார்ந்து, படத்திலேயே முதல்முறையாகச் சிரிக்கிறான்.

அதற்குள் முகவாதம் வந்து அவன் முகத்தில் பாதி அசையாமல் நின்றுவிட்டது.

3

அண்ணி வாசலிலேயே மறித்தாள்.

“பாக்க வந்தியா, படம் பிடிக்க வந்தியா?”

“பாக்கத்தான் அண்ணி.”

“அப்ப தோள்ல என்ன?”

கேமராப் பை. பழக்கதோஷம் என்று என்னிடம் சொன்னாள். (நான் நம்பவில்லை. அவளே நம்பியதாகத் தெரியவில்லை.)

உள்ளே அண்ணன் குழறலாகக் கேட்டான்: “நடிக்கிறவனுக்கு வாய் கோணிட்டா, உன் வகுப்புப் பிள்ளைங்களுக்கு என்ன சொல்லிக்குடுப்ப?”

“வேற ஆளைப் போடச் சொல்வேன்ணா.”

“பொய் சொல்லாதே.” சிரித்தான். ஒரு பக்கம் மட்டும் சிரித்தது. மறுபக்கம் யாரோ எவரோ என்று பார்த்துக்கொண்டிருந்தது. “எடு. இந்த மூஞ்சியும் எங்கேயாவது இருக்கட்டும்.”

“ஆஸ்பத்திரிக்கே துண்டால மூடிக்கிட்டு வர்ற மனுஷன்!” என்றாள் அண்ணி. “நாளைக்கு ஊரே பாக்கும், தெரியுமா? என் காதுலதானே வந்து விழும்?”

அவன் வாதாடவில்லை. எழுந்துபோய் ஜன்னலோரம் உட்கார்ந்தான். தங்கை பையைத் திறந்தாள். அண்ணி அவளை எரித்துவிடுவதுபோல் பார்த்தாள்; பிறகு முணுமுணுத்துக்கொண்டே போய்த் திரைச்சீலையை விலக்கிவிட்டாள். வெயில் அவன்மேல் விழுந்தது.

4

முதலில் இப்படி முடித்தேன்: அவள் எடுத்தாள், படம் முடிந்தது, அரங்கம் எழுந்து நின்று...

(அடித்துவிட்டேன். அந்த அரங்கத்தில் அண்ணிக்கு எங்கே இடம் போடுவது?)

அடுத்து: கேமராவைக் கீழே வைத்துவிட்டு அண்ணனைக் கட்டிக்கொண்டு...

(இதையும் அடித்தேன். அவனே கேட்டதை மறுப்பது பாசமா, பயமா?)

“அப்புறம் என்ன செஞ்சீங்க மேடம்?” என்று கேட்டேன்.

“நீங்களா இருந்தா?” என்றாள். நான் யோசிப்பதற்குள் எழுந்து வகுப்புக்குள் போய்விட்டாள்.

எனக்கு இன்றுவரை பதில் தோன்றவில்லை. அவன் உட்கார்ந்திருக்கிறான். அண்ணி சுவரைப் பார்த்து நிற்கிறாள். கேமராவை நீங்கள் வாங்கிக்கொள்ளுங்கள். எதைச் செய்தாலும் சீக்கிரம் செய்யுங்கள். வெயில் கூசுகிறது, அசையாத பக்கத்துக் கண்ணை அவனால் மூட முடியாது.