கவுண்டருக்குப் பின்னால் ஒரு சைடு

நான் நடிகன் இல்லை. இதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் ஆளாளுக்கு "ஒரு வசனம் பேசிக் காட்டும்" என்று என் உயிரை வாங்குவார்கள். கரமனையில் எங்கள் நாடகக் குழு வருஷத்துக்கு இரண்டு நாடகம் போடும். அதில் பதினெட்டு வருஷமாக நான் மேடை போடுகிறவன். படுதா, தட்டி, விளக்கு, யார் எந்தப் பக்கத்திலிருந்து நுழைவது, எல்லாம் என் பொறுப்பு. நோட்டீசின் கடைசி வரியில், பொடி எழுத்தில், 'அரங்க அமைப்பு: பகவதிப்பெருமாள்' என்று இருக்கும். பொடி எழுத்து என்பதில் எனக்கு வருத்தம் உண்டு. இல்லை என்று பொய் சொல்ல மாட்டேன்.

பகலில் கரமனை மெயின் ரோட்டில் ஒரு சமையல் காஸ் ஏஜென்சியில் மானேஜர் வேலை. முதலாளி வெங்கடசுப்ரமணியன் அக்ரஹாரத்துக்காரர், நாற்பது வயது, ஆறடி உயரம். ஏஜென்சி அவருடைய அப்பா நடத்தியது. தொண்ணூற்றைந்தில் அப்பா காலமானதும், பழைய ஆபீஸின் இருட்டும் கவுண்டருக்கு முன்னால் இருந்த இரும்புக் கம்பிகளும் மகனுக்குப் பிடிக்காமல் போயின. அடுத்த வருஷம் எங்கள் நாடகத்துக்கு வந்தவர், நான் பிளைவுட்டையும் பழைய போர்வைகளையும் வைத்து அரண்மனை காட்டியிருந்ததைப் பார்த்து அசந்துவிட்டார்.

"ஓய் பெருமாள், நம்ம ஆபீஸையும் இதுமாதிரி போட்டுத் தாரும். உள்ள நுழைஞ்சா ஒரு ஐஸ்வர்யம் தெரியணும், கேட்டீரா?"

எனக்குத் தலைகால் புரியவில்லை. கம்பிகளைப் பிடுங்கி எறிந்தேன். கவுண்டரை அரையடி உயரப் பலகை மேடைமேல் ஏற்றினேன். மேலே இரண்டு ஸ்பாட் லைட் போட்டேன். நாடக ஹாலில் செய்வதுபோலக் கடைசி பெஞ்சிலிருந்து நூல் பிடித்து, அங்கே இருப்பவருக்கும் கவுண்டரில் உள்ள முகம் முழுசாகத் தெரிகிறதா என்று பார்த்தேன். முதலாளி தனி அறை வேண்டாம் என்றார், தான் எல்லோர் கண்ணிலும் பட வேண்டுமாம். அவருடைய மேஜையை நட்டநடுவில் போட்டேன். மேடை ஓரத்தில் ஜனங்களுக்குக் காட்ட ஒரு புது அடுப்பு வைத்தோம். காலி சிலிண்டர் போதும் என்றார் அவர். எரித்துக் காட்டினால்தானே ஆள் நம்பும் என்று நான் நிறை சிலிண்டரே வைத்தேன்.

கவுண்டரில் இருப்பவள் நாச்சியார். சொந்த ஊர் வள்ளியூர், குடியிருப்பு சாலை பஜார் பக்கம். முப்பது வயது, குள்ளமான உருவம், ஹால் முழுக்கக் கேட்கும் குரல். காஸுக்குத் தட்டுப்பாடு இருந்த காலம் அது. பதிந்து இருபது நாளாகியும் சிலிண்டர் வராத ஜனங்கள் தமிழிலும் மலையாளத்திலும் வந்து கத்துவார்கள். அவள் இரண்டிலும் சிரித்த முகமாகப் பதில் சொல்லுவாள். அவள் லீவு போட்ட நாளில் நாங்கள் படும் பாடு சொல்லி மாளாது.

புது ஆபீஸைப் பார்த்த எல்லோரும் புகழ்ந்தார்கள். நானும் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு திரிந்தேன். பதினைந்தாவது நாள் நாச்சியார் என் மேஜையில் ஒரு கடிதத்தை வைத்தாள். ராஜினாமா.

"என்னம்மா இது? இம்புட்டு நல்லா ஆபீஸ் போட்டுத் தந்திருக்கு. இப்பம் போய்..."

"ஆபீஸ் நல்லாத்தான் இருக்கு அண்ணாச்சி. எனக்கு மதியாச்சு, போதும்."

"வீட்டுக்காரரு எதும் சொன்னாரா?"

"அவரு ஒண்ணும் சொல்லல. எனக்கு இந்த வேலை இஷ்டந்தான், வீட்ல சும்மா இருந்தா பிராந்து பிடிக்கும். ஆனா வையாது அண்ணாச்சி, இனி முடியாது. முன்னாடின்னா யாராவது கன்னாபின்னான்னு ஏசினா, ஃபைல் எடுக்குத மாதிரி இருட்டுல குனிஞ்சு கண்ணத் தொடச்சுக்கிடுவேன். இப்பம் குனிஞ்சாலும் லைட்டு, நிமிந்தாலும் லைட்டு. உங்க நாடகத்துல நடிக்கவங்ககூட நடுவுல உள்ள போயி வெள்ளம் குடிக்காங்க. நான் எங்க போவேன்?"

எனக்குச் சுருக்கென்றது. பதினெட்டு வருஷம் மேடை போட்டவன், மேடையை மட்டும் கட்டிவிட்டு சைடைக் கட்ட மறந்திருக்கிறேன்! மேடைக்கு இரண்டு பக்கமும் தட்டி மறைவில் இருக்கிற இடத்தைத்தான் சைடு என்போம். அது இல்லாமல் எந்த நாடகமும் நடக்காது. எங்கள் குழுவில் சைடுக்கு ஒரு சட்டம் உண்டு, அதைப் போட்டவனே நான்தான். ஒரு தடவை வசனத்தை மறந்துவிட்டு உள்ளே வந்த சொரிமுத்துவை நான் சைடில் வைத்து வாய்க்கு வந்தபடி திட்டினேன். அடுத்தது நகைச்சுவைக் காட்சி. அவன் நீர் கோத்த கண்ணோடு போய் நின்றான், ஹாலில் ஒருத்தர் சிரிக்கவில்லை. அன்றிலிருந்து சைடுக்கு வந்த ஆளிடம் யாரும் எதுவும் பேசக்கூடாது. தண்ணீர் கொடுக்கலாம், அவ்வளவுதான். நல்லா நடிச்சே என்றுகூடச் சொல்லக்கூடாது.

கடிதத்தை முதலாளியிடம் கொடுக்காமல் என் டிராயரில் போட்டேன். மாசக் கடைசிவரை பொறுக்கச் சொன்னேன். சரி என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை நானே போய், கவுண்டருக்குப் பின்னால் இடது மூலையில் நாலடிக்கு ஆறடி தட்டி அடித்தேன். நாடகப் பெட்டியிலிருந்து நீலப் படுதா ஒன்றைக் கொண்டுவந்து தொங்கவிட்டேன். உள்ளே ஒரு கண்ணாடி, நாச்சியாரின் உயரத்துக்கு. தண்ணீர்ப் பானை, டீ ஃபிளாஸ்க், கோடவுனில் கிடந்த ஒரு ஸ்டூல். ஸ்டூலுக்கு ஒரு கால் மற்றதைவிடக் கட்டை, உட்கார்ந்தால் ஆடும். மறுநாள் ஆபீஸில் எல்லோருக்கும் சட்டத்தைச் சொன்னேன்.

முதலாளி படுதாவை விலக்கி எட்டிப் பார்த்தார்.

"என்ன ஓய் இது, நடு ஆபீஸ்ல பிரசவ அறை?"

விளக்கிச் சொன்னேன். அவர் காதில் ஏறவில்லை.

"நானும் இதே வெளிச்சத்துலதான் உக்காந்திருக்கேன். நேக்கு வேண்டாத மறைவு அவளுக்கு எதுக்கு? இந்த எடத்துல கண்ணாடி ஷோகேஸ் வரணும். அடுத்த திங்கக்கிழமை ஆசாரி வருவான், பிரிச்சுடுவான்."

நறுக்கென்று நாலு வார்த்தை நாக்கு நுனிவரை வந்தது. விழுங்கிக்கொண்டு என் மேஜைக்குத் திரும்பினேன். "பிரிச்சா நானும் போயிருவேன் அண்ணாச்சி" என்று நாச்சியார் சாதாரணமாகச் சொன்னாள். அந்த வாரம் அவள் ஒரு நாளைக்கு மூன்று நான்கு தடவை படுதாவுக்குப் பின்னால் போனாள். இரண்டு நிமிஷம்தான். வெளியே வரும்போது அவளுடைய பழைய குரல் திரும்பியிருக்கும். நானோ திங்கட்கிழமைக்கு இன்னும் எத்தனை நாள் என்று எண்ணிக்கொண்டிருந்தேன்.

சனிக்கிழமை காலை பதினொரு மணி. லோடு வரவில்லை, பெஞ்சில் இடமில்லை. நாச்சியார் அப்போதுதான் டீ குடிக்க உள்ளே போயிருந்தாள். சிவகாமியம்மாள் வந்தார். முதலாளி வீட்டுக்கு நாலு வீடு தள்ளி இருப்பவர், சின்ன வயசில் முதலாளியை இடுப்பில் தூக்கி வைத்திருந்தவர். கவுண்டரில் ஆள் இல்லாததால் நேராக நடு மேஜையைப் பார்த்தே பேசினார்.

"ஏண்டா வெங்குட்டு, பொண்ணுக்குக் கல்யாணம்னு சொல்லி எட்டு நாளாச்சு. நாளைக்குப் பிள்ளையாத்துக்காரா வந்து எறங்கறா. இன்னிக்குப் பட்சணம் போடணும், ஆத்துல ஒரு சிலிண்டர் இல்ல. லைட்டுப் போட்டு உக்காந்துண்டா ஆச்சா? உங்கப்பா இருந்தா இப்படி விடுவாரோ?"

பெஞ்சில் இருந்தவர்களெல்லாம் நடு மேஜையைத் திரும்பிப் பார்த்தார்கள். முதலாளி எழுந்தார். அப்பாவைச் சொன்னதும் அவருடைய உதடு நடுங்கியதை நான் பார்த்தேன், கடைசி பெஞ்சில் இருந்தவரும் பார்த்திருப்பார். நான்தானே நூல் பிடித்து அமைத்தவன்! என்னையே எனக்குப் பிடிக்கவில்லை. அவர் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தார். பிறகு விறுவிறுவென்று நடந்து படுதாவுக்குள் போய்விட்டார்.

உள்ளே நாச்சியார் இருக்கிறாள். நான் காதைத் தீட்டிக்கொண்டேன். பேச்சே இல்லை. ஃபிளாஸ்க்கிலிருந்து டம்ளரில் டீ ஊற்றுகிற சத்தம் மட்டும் கேட்டது. அடுத்த நொடி அவள் படுதாவை விலக்கி வெளியே வந்தாள். முந்தானையைச் சரிசெய்துகொண்டு மேடையேறினாள்.

"மாமி, பட்சணம் முடங்காது கேட்டேளா. லோடு நாலு மணிக்கு வரும், மொத ரெண்டும் உங்க வீட்டுக்குத்தான். நானே கூட வந்து எறக்கித் தாரேன். அதுவரைக்கும் இதைக் கொண்டு போங்க." அவள் கை காட்டியது, நான் அடம்பிடித்து வைத்த அந்த நிறை சிலிண்டரை. ஐந்து நிமிஷத்தில் அது ஆட்டோவில் ஏறியது. மாமி அவள் கன்னத்தைத் தடவிவிட்டுப் போனார்.

முதலாளி கால் மணி நேரம் கழித்துத்தான் வந்தார். முகம் கழுவி, தலை வாரியிருந்தார், நெற்றியில் விபூதி அழிந்துபோயிருந்தது. யாரும் நிமிர்ந்து பார்க்கவில்லை. 'எப்படி சார் பிரசவ அறை?' என்று கேட்க எனக்கு நாக்கு துறுதுறுவென்றது. நானே போட்ட சட்டம், கையைக் கட்டிக்கொண்டு இருந்தேன். அவர் இரண்டு பில்லில் கையெழுத்துப் போட்டார். பிறகு என்னைக் கூப்பிட்டார்.

"ஓய் பெருமாள், அந்தக் கண்ணாடி ரொம்பத் தாழ இருக்கு. நேக்குக் கழுத்துதான் தெரியறது."

"திங்கக்கிழமை ஆசாரி வாறான்லா சார்?"

"வரட்டும். மேல இன்னொரு கண்ணாடி மாட்டச் சொல்லும்."

நாச்சியார் காதில் அது விழுந்தது. என் மேஜைக்கு வந்தாள்.

"அந்தக் கடுதாசி இருக்கா அண்ணாச்சி?"

டிராயரிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். கிழிப்பாள் என்று பார்த்தேன். கிழிக்கவில்லை. நான்காக மடித்தாள், எட்டாக மடித்தாள், எடுத்துக்கொண்டு படுதாவுக்குப் பின்னால் போனாள்.

கண்ணாடிக்கு அளவெடுக்கிற சாக்கில் நானும் டேப்பைத் தூக்கிக்கொண்டு போனேன். ஸ்டூலின் கட்டைக் காலுக்கு அடியில் அந்தக் கடிதம் இருந்தது. அவள் அதன்மேல் ஆடாமல் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தாள். சந்தோஷத்தில் நான் என்னவோ சொல்ல வாயெடுத்தேன். அவள் உதட்டில் விரலை வைத்துக் காட்டினாள். நான் வாயை மூடிக்கொண்டு, பானையிலிருந்து ஒரு டம்ளர் தண்ணீர் மொண்டு பக்கத்தில் வைத்துவிட்டு வெளியே வந்தேன்.